டிலன் என்றால் என்ன பொருள்? வேல்ஸ் ஆண் பெயர் ஒன்றின் வேரைத் தேடிப் பிடிக்கும் வழி

குழந்தைப் பெயர்த் தளங்களில் டிலன் என்று தேடினால் ஒன்றில் 'கடலின் மகன்' என்று வரும், இன்னொன்றில் 'பேரலை' என்று வரும், வேறொன்றில் 'விசுவாசமானவன்' என்று வந்து நிற்கும். எல்லாம் ஒரே பெயருக்கு. இதில் விசுவாசம் வேறொரு பெயரின் சொத்து. கடலின் மகன் என்பது பெயரின் பொருளே அல்ல, பெயருக்குப் பின்னால் ஒட்டியிருந்த பட்டத்தின் பொருள். பேரலை மட்டும் கிட்டத்தட்டச் சரி. எது எங்கிருந்து வந்தது என்று பிரித்துப் பார்ப்பது பெரிய வித்தை இல்லை. ஒரு சாயங்காலம், கையில் ஒரு போன், கொஞ்சம் சந்தேகப் புத்தி, அவ்வளவுதான்.

எனக்குச் சொந்த ஊர் நாகர்கோவில். ஸ்வான்சியில் மிட்வைஃபாக இருக்கிறேன். பிள்ளை பிறந்ததும் அப்பா அம்மா சொல்லும் பெயரைத் தொட்டில் அட்டையில் எழுதி எழுதியே வேல்ஸ் பெயர்கள் எனக்குப் பழகிவிட்டன. அதனால் உறவில் யாருக்காவது இந்தப் பேச்சு வந்தால் என் போன்தான் முதலில் அடிக்கும். கடைசியாக அடித்தது நாத்தனார் மகள். அவள் வீட்டுக்காரர் கார்டிகன் பக்கத்துப் பையன். "மாமி, டிலன்னு வைக்கலாம்னு இருக்கோம். அர்த்தம் நல்லதுதானேன்னு அம்மா கேட்டுக்கிட்டே இருக்காங்க" என்றாள். அவளுக்குச் சொன்னதைத்தான் இங்கே விரித்து எழுதுகிறேன். வேறு பெயர் மனதில் வைத்திருப்பவர்கள் டிலன் இருக்கும் இடத்தில் அதைப் போட்டுப் பார்த்துக்கொள்ளுங்கள்.

முதலில் எழுத்து

பெயரை வேல்ஸ் மொழி எழுத்துக்கூட்டலுக்கு மாற்றிக்கொள்ளுங்கள். ஆங்கிலேயர்கள் தங்கள் வாய்க்கு ஏற்றபடி எழுதிவைத்த வடிவத்தோடு அகராதிக்குள் போனால் ஒன்றும் அகப்படாது.

வேல்ஸ் நெடுங்கணக்கில் 29 எழுத்துகள். கே, கியூ, வி, எக்ஸ், இசட் கிடையாது. ஆகவே ஒரு பெயரில் வி தெரிந்தால் அது ஆங்கில உடுப்பு மாட்டிக்கொண்டு வந்திருக்கிறது என்று வைத்துக்கொள்ளலாம். ட்ரெவர், எவன் இரண்டும் அந்தக் கேஸ்தான். வேல்ஸ் மொழியில் ஒற்றை எஃப் போட்டாலே 'வ' ஒலி வந்துவிடும். 'ஃப' வேண்டுமானால் எஃப்பை இரட்டிப்பாகப் போட வேண்டும். இரட்டை டி (dd) போட்டால் நம் 'அது' என்ற சொல்லில் வரும் மெல்லிய 'த'. இந்த விதிகள் தெரிந்தால் க்ரிஃபித் என்ற ஆங்கில வடிவத்துக்குள் க்ரிஃபுத் என்ற பழைய இளவரசர் பெயர் உட்கார்ந்திருப்பது தெரியும். இரட்டை எல் மட்டும் கொஞ்சம் பழக வேண்டும். நாக்கை 'ல' சொல்லும் இடத்திலேயே வைத்துக்கொண்டு, குரல் கொடுக்காமல் பக்கவாட்டில் காற்றை விடுங்கள். 'ழ' சொல்லி வளர்ந்த நாம் இதற்கெல்லாம் பயப்பட வேண்டியதில்லை.

டிலனுக்கு இந்தத் தொல்லை இல்லை. இரண்டு மொழியிலும் ஒரே எழுத்துக்கூட்டல்தான். உச்சரிப்பில்தான் வம்பு, அதற்குப் பிறகு வருகிறேன்.

எந்த வாசல் வழியாக வந்தது?

வேல்ஸில் புழங்கும் பெயர்கள் எல்லாம் வேல்ஸ் சொற்களால் ஆனவை அல்ல. பைபிள் வழியாக வந்தவை உண்டு, ரோமானியர்கள் விட்டுப்போனவை உண்டு, ஊர்ப்பெயர் ஆள்பெயரானவையும் உண்டு. எந்த வாசல் என்று தெரியாமல் பொருள் தேடினால் எவன் (Evan) என்ற பெயருக்கு நடந்ததுதான் நடக்கும்.

அந்தப் பெயருக்கு 'இளம் போர்வீரன்' என்று போடாத தளம் குறைவு. வேல்ஸ் எழுத்தில் அது ஈவன், அதற்கு முந்தைய வடிவம் யெயன். யோவான் என்ற பெயர் லத்தீன் வழியாக வேல்ஸுக்குப் போய் இப்படித் தேய்ந்திருக்கிறது. 'ஆண்டவர் அருள் புரிந்தார்' என்பது எபிரேயப் பொருள். எங்கள் பக்கத்துக் கத்தோலிக்க வீடுகளில் அருளப்பன் என்று ஒரு தாத்தாவாவது இருப்பார். பழைய கத்தோலிக்கத் தமிழில் யோவானுக்கு அருளப்பர் என்றுதான் பெயர். ஆக, கார்டிஃபில் ஓடித் திரியும் எவனும் நம் அருளப்பன் தாத்தாவும் ஒரே பெயர்க்காரர்கள். போர்வீரனுக்கு அங்கே இடமே இல்லை.

இன்னொரு பொறி இத்ரிஸ். நம்மூர் முஸ்லிம் வீடுகளில் இத்ரீஸ் என்பது நபியின் பெயர். வேல்ஸிலும் இத்ரிஸ் உண்டு. வடமேற்கில் 893 மீட்டர் உயரத்தில் காடெய்ர் இத்ரிஸ் என்ற மலை நிற்கிறது, 'இத்ரிஸின் நாற்காலி'. இத்ரிஸ் அதில் உட்காரும் ராட்சதன். இந்த இத்ரிஸ், தலைவன் என்று பொருள்படும் ஒரு பழஞ்சொல்லும் வேகம், ஆவேசம் என்று பொருள்படும் இன்னொன்றும் சேர்ந்தது. அரபுப் பெயருக்கும் இதற்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை. தளங்கள் இரண்டையும் ஒரே பக்கத்தில் போட்டு, இரண்டு பொருளையும் கலந்து பரிமாறிவிடும்.

டிலனோடு கலந்துபோனது டில்லன் என்ற அயர்லாந்துக் குடும்பப் பெயர். 'விசுவாசமானவன்' அந்தப் பக்கத்து வரவு. அதை முதலில் கழித்துவிடுங்கள்.

வெட்டிப் பார்ப்பது

சரி, இது வேல்ஸ் சொல்தான் என்று தெரிந்துவிட்டது. அடுத்து அதைத் துண்டாக்க வேண்டும். நிறைய பேர் கைவிடுவது இங்கேதான். காரணம், வேல்ஸில் சொல்லின் முதல் எழுத்தே மாறும். பூவும் கொடியும் சேர்ந்தால் நமக்குப் பூங்கொடி என்று நடுவில் மெய் முளைப்பதுபோல, அவர்களுக்கு இரண்டாவது சொல்லின் தலையெழுத்து மெலியும். 'ம' 'வ' ஆகும், இரட்டை எல் ஒற்றை எல் ஆகும், 'க' என்ற மெல்லொலி காணாமலே போய்விடும்.

பழக ட்ரெவர் நல்ல பெயர். ட்ரெவ் என்றால் ஊர், குடியிருப்பு. மௌர் என்றால் பெரிய. அடைமொழி பின்னால் வரும், ட்ரெவ் பெண்பால் சொல் என்பதால் 'ம' மெலிந்து 'வ' ஆகும். ட்ரெவ், வௌர், ட்ரெவோர். கோயம்புத்தூர் பக்கத்துப் பேரூர் ஞாபகம் வருகிறதா? அதேதான். தாய்க்கிராமம் லாங்கோலென் அருகே இருக்கிறது; தாமஸ் டெல்ஃபோர்டு கட்டி 1805இல் திறந்த வானளாவிய கால்வாய்ப் பாலத்தின் ஒரு முனை அந்த ஊரில்தான் முடிகிறது. ஊர்ப்பெயர் குடும்பப் பெயராகி, அப்புறம் முதற்பெயரானது. வேடிக்கை அதோடு முடியவில்லை. 1850களில் லின் தீபகற்பத்தில் கிரானைட் குவாரி தொழிலாளர்களுக்காக ஒரு புது ஊர் எழுந்தபோது, குவாரி மேஸ்திரி ட்ரெவோர் ஜோன்ஸின் பெயரையே அதற்கு வைத்தார்கள். ஊர் ஆளாகி, ஆள் மறுபடி ஊராகிவிட்டார். பனிக்கட்டி மேல் கல்லைத் தள்ளி ஆடும் கர்லிங் விளையாட்டுக்கான கற்களை அந்த மலையின் கிரானைட்டிலும் செய்கிறார்கள். பெயர் தேடப் போனால் இப்படித் தேவையில்லாததும் நாலு தெரியவரும், பரவாயில்லை.

டிலனுக்கு வருவோம். வழக்கமாகச் சொல்லப்படும் பிரிப்பு இது: முன்னால் 'ட' என்ற சிறு முன்னொட்டு, 'நோக்கி' என்ற சாயல் உள்ளது. பின்னால் இரட்டை எல்லில் தொடங்கும் 'லானு' என்ற சொல். சேரும்போது இரட்டை எல் ஒற்றையாகிறது. லானு என்றால் கடல் ஏற்றம். இன்றைக்கும் வேல்ஸ்காரர்கள் வாயில் புழங்கும் சொல்தான். ஏற்றவற்றம் என்று நாம் சொல்வதை அவர்கள் 'லானு அ த்ரை' என்பார்கள்.

இதைக் குமரிக் கடலை வைத்துக் கற்பனை செய்யாதீர்கள். நம் பக்கம் ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் வித்தியாசம் ஒரு மீட்டர்கூட இருக்காது, கவனிக்காமலே வாழ்ந்துவிடலாம். ஸ்வான்சி வளைகுடா வேறு ரகம். பிரிஸ்டல் கால்வாய் உலகிலேயே கடல்மட்டம் மிக அதிகமாக ஏறி இறங்கும் இடங்களில் ஒன்று. பௌர்ணமி, அமாவாசையை ஒட்டிய நாட்களில் இங்கே பத்து மீட்டர் வரை தண்ணீர் ஏறும். வற்றும்போது மம்பிள்ஸ் கலங்கரை விளக்கு நிற்கும் பாறைத்தீவுக்கு நடந்தே போகலாம், படகுகள் சேற்றில் சாய்ந்து கிடக்கும். சேறு மட்டும் தெரிந்த இடத்தில் சத்தமில்லாமல் தண்ணீர் நுழைந்து, வாய்க்கால் வாய்க்காலாகப் பிரிந்து, கொஞ்ச நேரத்தில் எல்லாப் படகையும் தூக்கி நிறுத்திவிடும். டிலன் என்றால் அதுதான். கரையில் வந்து உடையும் ஒற்றை அலை இல்லை, ஏறி வரும் கடல்.

நான் சொல்வதை அப்படியே நம்ப வேண்டாம். வேல்ஸ் பல்கலைக்கழக அகராதி இணையத்தில் இலவசமாக இருக்கிறது. 1921இல் அட்டைகளில் சொல் சேகரிக்கத் தொடங்கி, 2002இல்தான் முதல் பதிப்பைக் கடைசிச் சொல் வரை கொண்டுவந்து முடித்தார்கள். சொல்லுக்கு வேல்ஸிலும் ஆங்கிலத்திலும் பொருள் இருக்கும், அதன் கீழே எந்த நூற்றாண்டில் எந்தச் சுவடியில் வந்தது என்று வரிசையாக மேற்கோள்கள் இருக்கும். ஒரு குறிப்பு: மெலிந்த வடிவத்தைப் போட்டுத் தேடினால் தடுமாறுவீர்கள். வௌர் என்று தேடாமல் மௌர் என்று தேடுங்கள்.

அந்தப் பெயரை முதலில் சுமந்தவன் யார்?

பொருள் கிடைத்ததும் நின்றுவிடாதீர்கள். வேல்ஸ் பெயர்களில் பாதி ருசி முதல் ஆளிடம்தான் இருக்கிறது. ரீஸ் என்றால் தென் வேல்ஸை ஆண்டு, 1176இல் கார்டிகன் கோட்டையில் கவிஞர்களுக்கும் இசைக்காரர்களுக்கும் போட்டி வைத்து நாற்காலி பரிசளித்த பிரபு. ஓவைன் என்றால் 1400இல் ஆங்கிலேய அரசனை எதிர்த்துக் கிளம்பிய ஓவைன் க்லின்டோர். பெயர் சூட்டும் வேல்ஸ்காரர் மனதில் அகராதியைவிட இவர்கள்தான் இருப்பார்கள்.

டிலனின் முதல் ஆள் சரித்திரத்தில் இல்லை, கதையில் இருக்கிறான். மாபினோகி என்று வேல்ஸின் பழங்கதைத் தொகுதி ஒன்று உண்டு. முழுதாகக் கிடைக்கும் பழைய சுவடி சுமார் 1350இல் எழுதப்பட்டது, அபெரிஸ்ட்வித் தேசிய நூலகத்தில் இருக்கிறது. அதன் நான்காவது கிளையில் மாத் என்ற மன்னன், அரியன்ரோத் என்ற பெண் கன்னிதானா என்று சோதிக்கத் தன் மந்திரக்கோலை வளைத்துப் பிடித்து அதைத் தாண்டச் சொல்கிறான். அவள் தாண்டுகிறாள். தாண்டிய இடத்தில் பொன்னிற முடியோடு கொழுகொழுவென்று ஓர் ஆண்பிள்ளை விழுகிறது. மன்னன் பிள்ளைக்கு ஞானஸ்நானம் கொடுத்து டிலன் என்று பெயர் வைக்கிறான். பெயர் விழுந்த உடனே பிள்ளை நேராகக் கடலுக்குப் போகிறது, மீனைப்போல நீந்துகிறது. அவனுக்கு அடியில் எந்த அலையும் உடைந்ததே இல்லை என்கிறது கதை. அதனால்தான் அவனை 'டிலன் எய்ல் தோன்' என்றார்கள், அலையின் மகன் டிலன். இணையத்துக் 'கடலின் மகன்' இந்த எய்ல் தோனிலிருந்து கழன்று வந்து பெயரின் மேல் ஏறிக்கொண்டது. பட்டத்தையும் பெயரையும் பிரித்து எழுதிவைத்துக்கொள்ளுங்கள். வேறு எந்த வேல்ஸ் பெயருக்கும் இதுதான் நான் முதலில் பார்ப்பது.

அன்றே வாசல் பக்கம் ஓடிய அரியன்ரோத்திடமிருந்து இன்னொரு சின்ன உருவும் விழுந்தது. அவள் அண்ணன் க்விதியோன் அதைப் பட்டுத்துணியில் சுற்றிப் பெட்டிக்குள் ஒளித்து வளர்த்தான். அவமானத்தில் கொதித்திருந்த தாய், தான் வைத்தாலொழிய இவனுக்குப் பெயரே வாய்க்கக் கூடாது என்று சபித்துவிட்டாள். க்விதியோன் கடற்பாசியில் மந்திரக் கப்பல் செய்து, பையனோடு செருப்புத் தைப்பவனாக வேஷம் போட்டு அவள் கோட்டைக்குக் கீழே போய் நின்றான். அவள் கால் அளவு கொடுத்தனுப்பினாள். முதல் ஜோடியை வேண்டுமென்றே பெரிதாகத் தைத்தான், அடுத்ததைச் சின்னதாக. வேறு வழியில்லாமல் அவளே கப்பலுக்கு வந்தாள். அப்போது பையன் எறிந்த கல் ஒரு சிட்டின் காலில் நரம்புக்கும் எலும்புக்கும் நடுவே போய்ப் பட்டது. "இந்தச் சிவத்த பையனுக்குக் கை எவ்வளவு தேர்ச்சி!" என்று அவள் வாய்விட்டாள். அதுவே பெயராகிவிட்டது, ஹ்லெய் ஹ்லாவ் கஃபெஸ். பெயர் வைக்கும் உரிமை தாய்க்கு எவ்வளவு பெரிதாக இருந்தது என்பதற்கு இந்தச் செருப்புக் கதையைவிட நல்ல சாட்சி எனக்குத் தெரியாது.

டிலனின் முடிவு நல்லதில்லை. கொல்லன் கோவன்னோன் அடித்த அடியில் செத்துப்போகிறான். கோவன்னோன் அரியன்ரோத்தின் கூடப்பிறந்தவன், அதாவது தாய்மாமன். மடியில் உட்காரவைத்துக் காது குத்த வேண்டிய ஆள் கையாலேயே சாவு! இதை என் நாத்தனாரிடம் சொன்னபோது ஒரு நிமிடம் பேச்சே இல்லை. "பிறகு எதுக்கு இந்தப் பேரு?" என்றார். கர்ணன் என்றும் அபிமன்யு என்றும் நாம் வைக்காமலா இருக்கிறோம் என்று கேட்டேன். அதற்குப் பதில் வரவில்லை. கார்மார்தன் கறுப்புச் சுவடி என்று சுமார் 1250ஐச் சேர்ந்த ஒன்றில், டிலன் கல்லறை அலை இரையும் இடத்தில், புனித பெய்னோவின் கோவிலருகே இருப்பதாக ஒரு பாட்டு சொல்கிறது. அது வடமேற்குக் கரையில் இருக்கும் க்ளன்னோக். அதற்குச் சற்று வடக்கே கடலோரத்தில் டிலன் கல் என்று ஒரு பாறையை இன்றும் காட்டுவார்கள்.

நடுவில் யார் கை பட்டது?

பழைய பெயர் என்பதால் தலைமுறை தலைமுறையாக வைத்துவந்தார்கள் என்று நினைக்காதீர்கள். டிலன் கதைக்குள்ளேயே கிடந்தது, பிள்ளைகளுக்கு அநேகமாக யாரும் வைக்கவில்லை. 1914 அக்டோபரில் ஸ்வான்சியில், க்வும்டான்கின் டிரைவ் ஐந்தாம் எண் வீட்டில் பிறந்த மகனுக்கு ஓர் ஆங்கில வாத்தியார் அதை எடுத்து வைத்தார். அந்தப் பிள்ளை கவிஞர் டிலன் தாமஸ் ஆனார். நடுப்பெயர் மார்லைஸ், கவிஞராக இருந்த பெரிய தாத்தா ஒருவர் புனைபெயரில் சேர்த்துக்கொண்ட ஓடையின் பெயர். பிறகு ராபர்ட் ஜிம்மர்மேன் என்ற அமெரிக்கப் பாடகர் 1962இல் சட்டப்படி பாப் டிலன் ஆனார். பெயர் உலகம் சுற்றியது அதற்குப் பிறகுதான். உங்கள் பெயருக்கு இப்படி யாராவது இருக்கிறார்களா என்று பார்க்க வேல்ஸ் தேசிய நூலகத்தின் வாழ்க்கை வரலாற்று அகராதி போதும், அதுவும் இலவசம். இப்போது எவ்வளவு பேர் வைக்கிறார்கள் என்பதற்குத் தேசியப் புள்ளியியல் அலுவலகம் வருடாவருடம் வேல்ஸுக்குத் தனிப் பட்டியலே விடுகிறது.

வாயில் போட்டுப் பாருங்கள்

வேல்ஸ் உச்சரிப்பில் அது 'டிலன்' இல்லை, 'டலன்'. 'மரம்' என்பதில் வரும் 'ம' மாதிரி முதல் எழுத்து. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் 'டல்' என்று கேலி செய்வார்களே என்று தாமஸின் அம்மா பயந்திருக்கிறார். கவிஞரே பெரியவரானதும் 'டிலன்' என்று சொல்வதைத்தான் விரும்பினார். எனவே எது சரி என்று சண்டை போட வேண்டாம். வேல்ஸ் பேசும் வீடு என்றால் டலன், இல்லாவிட்டால் டிலன். ஆனால் ஒன்றை முடிவு பண்ணிவிட்டு எல்லோரும் அதையே சொல்லுங்கள். நம் பக்கத்துப் பாட்டிமார் வாயில் எப்படியும் 'தில்லான்' ஆகிவிடும். பக்கத்தில் யாராவது 'னா' சேர்த்தால் முடிந்தது. கூப்பிட்டுப் பார்க்காமல் பெயரை உறுதி செய்யாதீர்கள்.

பதிவுக்குப் போகும்போது

இங்கிலாந்திலும் வேல்ஸிலும் பிறப்பை 42 நாட்களுக்குள் பதிய வேண்டும். வேல்ஸில் பிறந்து, பதிய வருபவருக்கு வேல்ஸ் மொழி தெரிந்தால், ஆங்கிலத்தோடு வேல்ஸிலும் சேர்த்துப் பதியச் சொல்லலாம்.

அப்பா பெயர் விஷயத்தில் அவர்களும் நம்மைப்போலத்தான் இருந்தார்கள். நமக்கு இனிஷியல், அவர்களுக்கு 'அப்', அதாவது இன்னார் மகன். அப் ரீஸ் ஆங்கில வாயில் ப்ரைஸ் ஆனது, அப் ஹவெல் பவல் ஆனது, ஓவைன் மகன் போவன், ஈவன் மகன் பெவன். பதினாறாம் நூற்றாண்டிலிருந்து குடும்பப் பெயர் பழக்கம் இதை மெல்ல விழுங்கிவிட்டது. வேல்ஸ் பற்றுள்ளவர்கள் சிலர் இப்போது திரும்ப 'அப்' போடுகிறார்கள். நம் பிள்ளைகளுக்கும் தாராளமாகப் போடலாம், ஒரே ஒரு விதி. அப்பா பெயர் மெய்யொலியில் தொடங்கினால் 'அப்பா'வில் வரும் வல்லிய ப: டிலன் அப் முருகன். உயிரெழுத்தில் தொடங்கினால் 'அம்பு'வில் வரும் மெல்லிய ப: டிலன் அப் அருண். தமிழில் இரண்டும் ஒரே எழுத்து. படிவத்தில் ஆங்கில எழுத்தில் எழுதும்போது முதலாவது ap, பென்சிலில் வரும் பி; இரண்டாவது ab, ball என்பதில் வரும் பி.